விட்கம் அண்ணை காருக்குள் இருந்த ஞாயிறுகள்

சைலஸ் விட்கம் குலசேகரம் என்ற பெயரைக் கேட்டுக் குழம்பாதவர்கள் குறைவு. வெள்ளைக்காரர்கள் முதல் இரண்டு சொற்களோடு நின்றுகொண்டு, அறைக்குள் வேறு யாரையோ தேடுவார்கள். எங்களுடைய ஆட்கள் மூன்றாவது சொல் வந்த பிறகுதான் மூச்சு விடுவார்கள். ஆள் என்னவோ வட்டுக்கோட்டைப் பக்கத்து அசல் யாழ்ப்பாணத்தான். ஒல்லியான உடம்பு, எப்போதும் ஒரு சாம்பல் நிற கார்டிகன், கண்ணுக்குக் கீழே இரண்டு பை. அவரை நான் முதன்முதலாகப் பார்த்த எண்பத்தைந்தாம் ஆண்டிலேயே அந்தப் பைகள் அங்கே இருந்தன.

கோலியர்ஸ் வுட்டில் அவருடைய வீட்டு மேல்மாடியில் நான் வாடகைக்கு இருந்தேன். அவர் போதகர், நான் சைவம். கீழே அவர் வேதம் வாசிப்பார், மேலே நான் தேவாரக் கசெற் போடுவேன். இரண்டும் ஒருநாளும் சண்டை பிடித்ததில்லை. அவருடைய மனைவி றோஸ்மலர் அக்கா வெள்ளிக்கிழமைகளில் எனக்கென்று தனியாக மரக்கறி சமைத்து வைப்பார். அண்ணை அந்த மரக்கறியைத்தான் முதலில் தின்பார்.

அந்தப் பெயர் வந்த கதையைச் சொல்லாமல் மேலே போக முடியாது. யாழ்ப்பாணத்தில் அமெரிக்க மிஷன்காரர் பள்ளிக்கூடம் நடத்திய காலத்தில், ஒரு பையனின் படிப்புக்கு அமெரிக்காவில் யார் உதவி அனுப்பினார்களோ அவர்களுடைய பெயரையே அந்தப் பையனுக்கு வைக்கும் வழக்கம் இருந்தது. அண்ணையின் பூட்டனாருக்கு உதவியவர் சைலஸ் விட்கம் என்ற ஒரு போதகர். அவர் போதகர் மட்டுமல்ல, தன்னுடைய மாநிலத்துச் சட்டசபையில் உறுப்பினரும்கூட. அதனால் பூட்டனார் சைலஸ் விட்கம் ஆனார். அதன் பிறகு வீட்டுக்கு ஒரு பிள்ளையாவது விட்கம் என்று இருக்க வேண்டும் என்பது குடும்பத்தின் எழுதாத சட்டமாகிவிட்டது.

"ஞாயிற்றுக்கிழமை பிரசங்க பீடம், திங்கட்கிழமை சட்டசபை. ரெண்டையும் ஒரு கையால செய்த மனிசன்," என்று அண்ணையின் தகப்பனார் பிள்ளைகளை அடிக்கிறபோதெல்லாம் சொல்லுவாராம். கணக்கில் குறைவாக எடுத்தாலும் அமெரிக்கர்தான், பால் குடிக்காவிட்டாலும் அமெரிக்கர்தான். பார்த்திராத ஒரு மனிதரை நாலு தலைமுறை இப்படித் தூக்கிச் சுமந்தது.

அண்ணை எழுபதுகளில் லண்டனுக்கு வந்து, அண்டர்கிரவுண்டில் டிக்கெட் கொடுக்கும் வேலையில் சேர்ந்தார். அத்தோடு நிம்மதியாக இருந்திருக்கலாம். எண்பத்து மூன்றில் இலங்கையில் தமிழரை அடித்த ஆடிக் கலவரத்துக்குப் பிறகு பெட்டியும் கையுமாக ஆட்கள் வந்து இறங்கத் தொடங்கினார்கள். அவருடைய முன்னறையில் ஞாயிறுதோறும் செபம் ஆரம்பித்தது. பிறகு முன்னறை போதவில்லை. மெயின் ரோட்டுக்குப் பின்னால், கவுன்சிலுக்குச் சொந்தமான ஒரு தகரக் கூரை மண்டபத்தை ஞாயிறு பின்னேரங்களுக்கு எடுத்தார்கள். ஊரிலேயே வேதம் படித்திருந்தவர் என்பதால் அவரையே சம்பளமில்லாத போதகராக அபிஷேகம் செய்துவைத்தார்கள். கிழமை முழுக்க டிக்கெட், ஞாயிறு பிரசங்கம் என்று ஓடியது.

தொண்ணூறாம் ஆண்டு கவுன்சில் எலெக்சன் வந்தது. டூட்டிங்கிலும் கோலியர்ஸ் வுட்டிலும் தமிழர் நிறைந்துவிட்டார்கள் என்பதைக் கட்சிக்காரர்கள் அப்போதுதான் கண்டுபிடித்தார்கள். தமிழ் முகம் ஒன்று வேண்டும், ஆனால் வெள்ளைக்காரர் வாய்க்குள் நுழையும் பெயராகவும் இருக்க வேண்டும். விட்கத்தை விட்டால் வேறு யார்? அண்ணை முதலில் ஏலாது என்றுதான் சொன்னார். அவரைப் பிடித்து உலுக்கியவர் தியாகராஜா. சபையின் மூப்பர், மண்டபத்துக் கதவுத் திறப்பு அவரிடம்தான் இருக்கும். வாய் கொஞ்சம் நீளம்.

"பாஸ்டர், எங்கட ஆள் ஒருத்தர் உள்ளுக்க இருந்தால்தான் எங்கட அலுவல் நடக்கும். உங்கட அமெரிக்கன் ரெண்டையும் செய்யேல்லையோ?"

அமெரிக்கரை இழுத்த இடத்தில் அண்ணை விழுந்துவிட்டார். நானும் அவரோடு கதவு கதவாகத் தட்டினேன். வயதான வெள்ளைக்காரிகள் கதவைத் திறந்து, எங்கள் இருவருக்கும் பின்னால் எட்டிப் பார்த்து, மிஸ்டர் விட்கம் காரில் இருக்கிறாரா என்று கேட்பார்கள். எப்படியோ வென்றார். முருகன் கோயில் ஆட்களும் வாக்குப் போட்டார்கள், நானும் போட்டேன்.

அதோடு அந்த மனிதருடைய நித்திரை போய்விட்டது. விடியற்காலை ஷிப்ட், பின்னேரம் கமிட்டி, இடையில் ஒரு செத்த வீடு அல்லது கலியாணப் பேச்சு. ஞாயிறு ஆராதனை முடிந்து ஆசீர்வாதம் சொன்னவுடன் சனம் வரிசையாக நிற்கும்.

"பாஸ்டர், அம்மாவுக்குக் காய்ச்சல், ஒருக்கா செபியுங்கோ. அதோட எங்கட பாத்ரூம் சுவர் முழுக்க ஈரம், கவுன்சிலில ஒருக்கா சொல்லுங்கோ."

அவர் கண்ணை மூடிச் செபித்து, கண்ணைத் திறந்து ஈரத்தைக் குறித்துக்கொள்வார். ஒருமுறை குப்பை அள்ளுவது பற்றிய விவாதத்தில் எழுந்து பேசி, கடைசியில் "ஆமென்" என்று முடித்துவிட்டார். எதிர்க்கட்சிக்காரர் ஒருவரும் பதிலுக்கு ஆமென் சொன்னாராம். அதை றோஸ்மலர் அக்கா எனக்குச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார். சிரித்து முடிந்த பிறகு, "இந்தாள் இப்பிடியே ஒருநாள் நிண்ட நிலையில விழப்போகுது, கனகலிங்கம்," என்றார். எனக்கு மனம் சங்கடமாக இருந்தது. நானும் அவருக்கு வாக்குக் கேட்டவன்தானே.

தொண்ணூற்றிரண்டு தையில் விஷயம் வெடித்தது. கவுன்சிலுக்குக் கை இறுக்கம். பாவனை குறைந்த கட்டடங்களை விற்பது என்று அண்ணையின் கட்சியே முடிவு செய்தது. விற்கப்போகும் கட்டடங்களில் எங்களுடைய தகர மண்டபமும் ஒன்று. அங்கே கார் பார்க் வருமாம். மண்டபம் போனால் சபையும் போனமாதிரித்தான். லண்டனில் அந்த வாடகைக்குக் கோழிக்கூடு கூடக் கிடைக்காது. சபையில் பாதிப்பேர் வீசா முடிவு தெரியாமல், ஒரு அறைக்குள் நாலு பேராக இருந்தவர்கள். அவர்கள் கிழமையில் ஒருநாள் தங்களுடைய பாஷையில் வாய்விட்டு அழுகிற ஒரே இடம் அது. சைவக்காரன் நானே பின் வரிசை வாங்கிலில் போய் இருந்திருக்கிறேன்.

தியாகராஜாவுக்குக் கவலையே இல்லை. "எங்கட பாஸ்டர் கமிட்டியில இருக்கிறார். அவற்ற கை ஒண்டு போதும்," என்று எல்லோருக்கும் சொல்லித் திரிந்தார். அதுவும் உண்மைதான். தலைகளைக் கூட்டிப் பார்த்தால் விற்பதற்கும் விற்காமல் விடுவதற்கும் இரண்டு பக்கமும் சமமாக நின்றது. அண்ணையின் கை எந்தப் பக்கம் தூக்கப்படுமோ அந்தப் பக்கம்தான் வெல்லும். அவர் கை தூக்காவிட்டால் கமிட்டித் தலைவரின் மேலதிக வாக்கில் விற்றுவிடுவார்கள்.

ஆனால் அந்தக் கையைத் தூக்க முடியாது. கவுன்சில் வக்கீல் ஒரு நடுத்தர வயதுப் பெண், நல்ல மனுஷி. அவர் அண்ணையைக் கூப்பிட்டு விளங்கப்படுத்தினார். மண்டபத்தைப் பாவிக்கும் சபைக்கு நீங்கள்தான் தலைவர். அது பற்றிய பேச்சு வரும்போது நீங்கள் எழுந்து வெளியே போக வேண்டும். பேசவும் கூடாது, வாக்குப் போடவும் கூடாது.

"நான் தலைவர் இல்லையெண்டால்?" என்று அண்ணை கேட்டாராம்.

அப்படியானால் போடலாம். ஆனால் ஒரு நாள் வசதிக்காக விலகிவிட்டு அடுத்த கிழமை திரும்பிப் போக முடியாது. கவுன்சிலில் இருக்கும் காலம் முழுக்க அந்தச் சபையோடு ஒரு தொடர்பும் இருக்கக் கூடாது. திரும்பிப் போனால் யாராவது வழக்குப் போட்டு முடிவையே கவிழ்த்துவிடுவார்கள். இப்படிச் சொல்லிவிட்டு அந்த மனுஷி மன்னிப்பும் கேட்டாராம்.

அன்றைக்கு வீட்டுக்கு வந்து சப்பாத்தைக் கழற்றாமலே படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டார். நான் வேலைக்கு இறங்கி வந்தேன், வழி மறித்தபடி இருந்தார்.

"கனகு, நான் போதகரா இருந்தால் அவையளுக்குக் கை இல்லை. கை இருக்கவேணுமெண்டால் நான் போதகரா இருக்கேலாது," என்றார். "அந்த அமெரிக்கன் ரெண்டையும் எப்பிடிச் செய்ததெண்டு தெரிஞ்சால் நல்லா இருக்கும்."

நம்பமாட்டீர்கள், அடுத்த மாதமே தெரியவந்தது. மிஷன்களின் சரித்திரத்தைத் தேடித் திரியும் ஒரு ஓய்வுபெற்ற அமெரிக்க ஆசிரியை லண்டனுக்கு வந்திருந்தார். யாழ்ப்பாணத்து விட்கங்களில் ஒருவர் கோலியர்ஸ் வுட்டில் இருக்கிறார் என்று யாரோ சொல்ல, ஒரு சனிக்கிழமை வீட்டுக்கு வந்துவிட்டார். றோஸ்மலர் அக்கா புட்டும் கோழிக்கறியும் வைத்தார். அண்ணை கார்டிகனுக்கு மேல் கோட்டும் போட்டுக்கொண்டு, பரீட்சை எழுதப் போகும் பிள்ளையைப் போல எதிரே இருந்தார். பிரசங்க பீடத்தையும் சட்டசபையையும் அந்த மனிதர் எப்படிச் சமாளித்தார் என்று கேட்டார்.

அந்த அம்மா கரண்டியைக் கீழே வைத்துவிட்டார். அவர் சமாளிக்கவில்லையே, என்றார்.

பிறகு முழுக்கதையும் சொன்னார். சைலஸ் விட்கம் தோல் பதனிடும் ஒருவரின் மகன். மலைப்பக்கத்துச் சிறிய ஊர் ஒன்றில் போதகரானவர். அவருடைய சபைப் பெண்கள் முட்டை விற்றுச் சேர்த்து அனுப்பியதில்தான் யாழ்ப்பாணத்துப் பையன் படித்தான். ஊர் அவரைச் சட்டசபைக்கு அனுப்பியது. அங்கே அடிமை முறையைக் கண்டிக்கும் ஒரு தீர்மானம் வந்தது. ஊரிலிருந்ததோ பஞ்சு ஆலை. பஞ்சு வந்தது தெற்கே அடிமைகள் வேலை செய்த தோட்டங்களிலிருந்து. ஆலை முதலாளிதான் சபையின் மூப்பர். ஊருக்குத் திரும்பி வந்து வாயைப் பொத்திக்கொண்டு பிரசங்கம் செய், இல்லாவிட்டால் பீடத்தை மறந்துவிடு என்றார்கள். விட்கம் தீர்மானத்துக்கு ஆதரவாக வாக்களித்தார். சபை அவரை நீக்கியது. அடுத்த தேர்தலில் ஊரும் அவரைத் தோற்கடித்தது. மீதிக் காலத்தில் தேனீ வளர்த்தார். அனுப்புவதற்கு ஒன்றும் இல்லாததால் யாழ்ப்பாணத்துக்குக் கடிதங்களும் நின்றுபோயின. ஞாயிற்றுக்கிழமைகளில் மனைவி கோயிலுக்குள் போவார், அவர் வெளியே மற்றவர்களுடைய குதிரைகளையும் சேர்த்துப் பார்த்துக்கொண்டு நிற்பார். செத்த பிறகும் அவருக்கு அந்தக் கோயிலுக்குள் அடக்க ஆராதனை நடக்கவில்லை.

கடிதம் நின்றதை, பெரிய பதவிக்குப் போய்விட்டார் என்று யாழ்ப்பாணத்தில் எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். நாலு தலைமுறைப் பிள்ளைகள் ஒரு தோற்ற மனிதரின் பெயரைச் சொல்லி அடி வாங்கியிருக்கிறார்கள். எனக்குச் சிரிப்பு வந்தது. அண்ணையின் முகத்தைப் பார்த்ததும் அடங்கிவிட்டது.

"அவற்ற மனிசி என்ன சொன்னவவாம்?" என்று றோஸ்மலர் அக்கா கேட்டார்.

நான் அதை இங்கிலிஷில் சொன்னேன். அதை ஒருவரும் எழுதி வைக்கவில்லை என்றார் அந்த அம்மா. "எழுதமாட்டினம்," என்று சொல்லிக்கொண்டு அக்கா கோப்பைகளை எடுத்தார்.

அண்ணை அன்று எந்த முடிவையும் சொல்லவில்லை. அடுத்த ஞாயிறு பிரசங்கம் முடிந்த பிறகு, பீடத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, "இண்டைக்கு இதுதான் நான் இதில நிண்டு கதைக்கிற கடைசி நாள்," என்றார். காரணத்தையும் சொன்னார். ஒருமுறை சொல்லி விளங்கவில்லை என்று மறுமுறையும் சொன்னார்.

தியாகராஜா எழும்பினார். "எங்களுக்காகக் கதைக்கத்தான் உங்களை அனுப்பினது. எங்கட ஆள் எண்டபடியால் எங்களுக்காகக் கதைக்கேலாதெண்டால் அது என்ன சட்டம்? கதை விடாதேங்கோ பாஸ்டர். உங்களுக்குக் கடவுளை விடக் கவுன்சில் பெரிசாப் போச்சு."

வேறு யாராவது எழும்பிப் பேசுவார்கள் என்று நான் பார்த்தேன். அவரிடம் வீடு கேட்டு நின்றவர்கள், ஈரச் சுவரைச் சொல்லி அழுதவர்கள் எல்லோரும் அங்கே இருந்தார்கள். ஒருவரும் எழும்பவில்லை. எனக்கு வந்த கோபத்தில் நான் எழும்பியிருப்பேன், சைவக்காரன் அங்கே என்ன சொல்ல முடியும்? றோஸ்மலர் அக்கா மடியில் இருந்த பாட்டுப் புத்தகத்தை மூடினார்.

கமிட்டி கூடிய பின்னேரம் நானும் அக்காவும் பொதுமக்கள் வரிசையில் இருந்தோம். தியாகராஜா வரவில்லை. மண்டபத்தின் முறை வந்ததும் கமிட்டித் தலைவர் அண்ணையைப் பார்த்தார், எழுந்து போவார் என்று. அண்ணை இருந்தார். வக்கீல் மெல்லத் தலையசைத்தார். அண்ணை எழுந்து இரண்டு மூன்று வசனம் பேசினார். விற்கக் கூடாது என்றவர்கள் கை தூக்கியபோது இவருடைய கையும் மேலே போனது. ஷிப்ட் முடித்து நேரே வந்திருந்தார். கட்சித் தலைவர் அவரைத் திரும்பிப் பார்த்துவிட்டு எதையோ குறித்துக்கொண்டார். மண்டபம் தப்பியது. வெளியே வந்து பஸ் தரிப்பில் நிற்கும்போது அக்கா அவருடைய கழுத்துத் துண்டைச் சரிசெய்துவிட்டார்.

கட்சி அடுத்தமுறை இடம் இல்லை என்று சொல்லிவிட்டது. சபைக்கு மனோர் பார்க்கிலிருந்து ஒரு இளம் போதகர் வந்துபோனார். அண்ணைக்கு மிஞ்சியது டிக்கெட் வேலையும், பதவிக்காலம் முடியும்வரை பின் வரிசையில் ஒரு கதிரையும்தான். ஞாயிறு பின்னேரங்களில் தன்னுடைய பழைய டட்சனில் அக்காவைக் கொண்டுவந்து மண்டபத்து வாசலில் இறக்குவார். அவர் இறங்கமாட்டார். வீட்டுக்குப் போய்த் திரும்பி வரலாம், அதுவும் செய்யமாட்டார். எதிர்ப்பக்கம் காரை நிறுத்தி, கண்ணாடியை ஒரு விரலளவு இறக்கிவிட்டு இருப்பார். பெற்றோல் ஸ்டேஷன் வேலை முடிந்து நானும் சில நாள் தின்ன ரோல்ஸ் வாங்கிக்கொண்டு போய்ப் பக்கத்தில் ஏறுவேன்.

"அண்ணை, அவருக்குக் குதிரை. உங்களுக்கு டட்சன்," என்று ஒருநாள் பகிடி விட்டேன்.

"குதிரை எண்டால் பரவாயில்லை கனகு. அது தானாப் பாதை பிடிச்சு வீட்டை போகும், நான் பின்னால படுக்கலாம்," என்றார்.

உள்ளே பாட்டுத் தொடங்கும். புதிய போதகர் சுருதியை உயரத்தில் எடுப்பார், சனம் மேலே ஏற முடியாமல் தவிக்கும். அண்ணை கண்ணை மூடிக்கொண்டு, வாய்க்குள் ஒரு படி கீழே அதே பாட்டைப் பாடுவார். மூன்றாவது சரணத்துக்குள் குறட்டை வந்துவிடும்.

இதற்கிடையில் பக்கத்துத் தெருவில் வெள்ளைக்காரக் கிழவர்களுடைய கிளப் இருந்த கட்டடம் விற்கப்பட்டு, இடித்தும் ஆயிற்று. அவர்கள் தகர மண்டபத்தை எங்களோடு பகிர்ந்துகொள்ளலாமா என்று கேட்டு வந்தார்கள். திறப்போடு கதவைத் திறந்துவிடப் போனவர் தியாகராஜா. அந்தக் கிளப்பின் செயலாளர் கிழவி அவரைப் பார்த்து, நீங்கள் கொடுத்துவைத்தவர்கள், என்றாராம். உங்களுக்காகக் கோயிலையே விட்டுவிட்டுக் கை தூக்க ஒரு மனிதர் இருந்தார், எங்களுக்கு அப்படி ஒருவர் கிடைக்கவில்லை. அண்ணை இரண்டு தரம் சொல்லி விளங்காதது அந்தக் கிழவி சொல்லி விளங்கியிருக்கிறது. தியாகராஜா அதைப் பற்றி ஒருவரிடமும் வாய் திறக்கவில்லை, பெற்றோல் போட வந்த கிழவி சொல்லித்தான் எனக்குத் தெரியும். அந்த மனிதர் வாய் திறக்காமல் இருந்தது அந்த ஒரு விஷயத்தில்தான்.

தொண்ணூற்று மூன்று வைகாசியில் ஒரு ஞாயிறு. தியாகராஜாவின் மகளுடைய பிள்ளைக்கு ஞானஸ்நானம் என்று அக்கா பட்டுச் சேலையில் இறங்கிப் போனார். அந்த மகளுக்குக் கலியாணம் செய்துவைத்தது அண்ணைதான். காரில் எனக்குப் பக்கத்தில் இருந்தவர், வாசலில் நின்ற சனத்தை ஒருமுறை பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். பாட்டுத் தொடங்கியது, அவரும் தூங்கிவிட்டார். மூன்று நாள் தொடர்ந்து விடியற்காலை ஷிப்ட். மண்டபத்துக் கதவு திறந்திருந்தது. புதிய போதகர் தண்ணீர் தெளித்துப் பிள்ளையின் பெயரைச் சொல்லுவது எனக்குத் தெளிவாகக் கேட்டது. நான் திடுக்கிட்டு அண்ணையைப் பார்த்தேன். வாயைத் திறந்தபடி நல்ல நித்திரை. எழுப்ப மனம் வரவில்லை.

கொஞ்ச நேரத்தில் தியாகராஜா பிள்ளையைக் கையில் ஏந்திக்கொண்டு ரோட்டைக் கடந்து வந்தார். பின்னால் றோஸ்மலர் அக்கா குடையோடு வந்தார். தூறல் தொடங்கியிருந்தது. தியாகராஜா கண்ணாடியில் தட்டினார். அண்ணை விழித்து, யார் என்று பிடிபடாமல், அவசரமாகக் கண்ணாடியை இறக்கினார். யாருக்கோ பாத்ரூம் ஒழுகுகிறது என்று நினைத்திருப்பார்.

"நீங்கள் உள்ளுக்க வரேலாது. அதுதான் பிள்ளையைக் கொண்டந்தனான்," என்றார் தியாகராஜா.

அண்ணை பிள்ளையை யன்னல் வழியாக வாங்கினார். எத்தனையோ பிள்ளைகளை ஏந்திப் பழகிய கை, தலை சரியாக முழங்கை மடிப்புக்குள் வந்தது. "என்ன பேர் வச்சியள்?" என்றார்.

"கேக்கேல்லையோ?"

"நித்திரையாப் போனன், தியாகராஜா. குறை நினையாதேங்கோ."

"விட்கம்."

அண்ணை பிள்ளையைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார், நான் ஏதாவது சொல்லுவேன் என்பது போல.

"இந்தப் பேர் கனம்," என்றார் கடைசியில். "பிள்ளைக்கு வேற பேர் வச்சிருக்கலாம். நான் உங்களுக்கு ஒண்டும் செய்யேல்லையே. கையைத்தானே தூக்கினனான்."

"ஓம்," என்றார் தியாகராஜா. "எனக்கு விளங்கக் கொஞ்சக் காலம் எடுத்துப்போட்டுது, பாஸ்டர்."

அவரை யாரும் பாஸ்டர் என்று கூப்பிட்டு ஒரு வருடத்துக்கு மேலாகியிருந்தது. அண்ணையின் கண்ணிலிருந்து நீர் கார்டிகனில் விழுந்தது. அவர் துடைக்கவில்லை, இரண்டு கையும் பிள்ளையில் இருந்தன. தலை குனிந்து, பிள்ளையின் நெற்றிக்கு அருகே உதடுகள் அசைந்தன. என்ன சொன்னார் என்று எனக்குக் கேட்கவில்லை. அக்கா குடையை யன்னலுக்கு மேலே சரித்துப் பிடித்திருந்தார், அவருடைய பட்டுச் சேலை நனைந்தது.

"இஞ்சேருங்கோ, இண்டைக்கு ஒருநாள் உள்ளுக்க வாங்கோவன்," என்றார் அக்கா. "ஆர் பாத்து வழக்குப் போடப்போகினம்?"

அண்ணை திறந்திருந்த கதவைப் பார்த்தார். உள்ளே சனம் எழும்பி நின்று இந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தது. நீண்ட நேரம் பார்த்துவிட்டுப் பிள்ளையைத் தியாகராஜாவின் கையில் திருப்பிக் கொடுத்தார்.

"மழை பெலக்குது, பிள்ளையை உள்ளுக்க கொண்டு போங்கோ," என்றார். "மண்டபம் இருக்கவேணும். நான் இதிலயே இருக்கிறன்."